ஆள் வந்தாயிற்று

எங்கள் வக்கீல் கூட்டத்துக்கு ஒரு சொல் உண்டு. ‘இன்ஃப்ரக்சுவஸ்.’ உயர் நீதிமன்றத்தில் தமிழ் வந்து இத்தனை காலம் ஆகியும் இந்த ஒரு சொல் மட்டும் வீட்டைக் காலி பண்ணாத வாடகைக்காரர் மாதிரி எங்கள் வாயிலேயே குடியிருக்கிறது. உத்தரவில் ‘மனு பயனற்றதாகிவிட்டது’ என்று அச்சாகும். கேன்டீனில் வந்து உட்கார்ந்தால், “என்னோடது இன்ஃப்ரக்சுவஸ் ஆயிடுச்சுப்பா” என்போம்.

விஷயம் எளிது. கேட்டது கிடைத்துவிட்டால் கேட்ட மனுவுக்கு இனி வேலை இல்லை. குடிநீர் இணைப்புக் கேட்டு மனுப் போட்டவர் வீட்டில் குழாய் பதித்துவிட்டால் மனு முடிந்தது. குழாயில் தண்ணீர் வருகிறதா என்றால், அது வேறு மனு.

பெரும்பாலும் இது நல்ல செய்திதான். கட்சிக்காரர் கால் கிலோ மைசூர்பாகோடு வருவார். லீமாவின் மனு பயனற்றுப்போன அன்று மட்டும் நான் கறுப்பு கவுனைக் கழற்றாமல் காருக்குள் உட்கார்ந்து அழுதேன். அழுகிற ஜாதி இல்லை நான். எதிர்த்தரப்பு வக்கீல்களைக் கேட்டால் சொல்வார்கள்.

லீமாவுக்குத் தூத்துக்குடிக்குத் தெற்கே ஒரு கடற்கரை ஊர். முதல் தடவை வந்தபோது இடுப்பில் கைக்குழந்தை. அவள் கணவர் முன்பு மீன்பிடிக்கப் போனவர். கடலில் மீன் குறைந்துபோனதும் ‘ஆழ்நிதி’ என்ற கனிமக் கம்பெனியில் சேர்ந்தார். கடலின் அடித்தரையில் உலோக உருண்டைகள் கிடக்கின்றன அல்லவா, அவற்றைப் பொறுக்குகிற இயந்திரங்களை மேய்க்கும் வேலை. அங்கே ஆளுக்கொரு இரும்பு அறை. அதற்குக் ‘கூடு’ என்று பெயர். ஒரு வருடம் தனியாக இருந்துவிட்டு மேலே வர வேண்டும்.

“உங்க வீட்டுக்காரர் பேரு என்னம்மா?”

அவள் சிரித்துக்கொண்டே போனைத் திருப்பிக் காட்டினாள். கிளமென்ட் என்று இருந்தது.

“வாயால சொல்ல மாட்டீங்களா?”

“பழக்கம் இல்ல வக்கீலம்மா. அவுகன்னுதான் சொல்லுவேன்.”

மனிதன் கடலடியில் குடித்தனம் நடத்துகிற காலத்திலும் புருஷன் பேரைச் சொல்ல இப்படி ஒரு வெட்கம். எனக்கு அவளை அப்போதே பிடித்துப்போயிற்று.

“அவுக கீழ போயி எட்டாம் மாசம் அடியில மண்ணு சரிஞ்சிருச்சாம். ஏத்தி எறக்குற கம்பி அறுந்துருச்சு. பேச்சு லைனும் போச்சு. கம்பெனியில இருந்து ரெண்டு பேரு வந்து, ஆள் இருக்க வாய்ப்பில்லம்மான்னாக. ஆனா அவுக இருக்காக.”

“எப்படிச் சொல்றீங்க?”

“மிஸ்டு கால் வருது.”

எனக்குப் புரியவில்லை. அவள் குழந்தையை மடி மாற்றிக்கொண்டு பொறுமையாகச் சொன்னாள்.

“தொழிலுக்குப் போயிட்டு வரும்போது, டவர் கெடைச்ச ஒடன அவுக ஒரு ரிங் விட்டுக் கட் பண்ணிருவாக. கரை தெரியுது, குக்கரை வைன்னு அர்த்தம். இப்ப பேசக் காசே கெடையாதுதான், ஆனா அவுக அப்பா காலத்துப் பழக்கம், போகல. கூட்டுக்குப் போன பெறகும் அப்பிடித்தான். ஞாயித்துக்கெழம பூசை முடிஞ்சு நான் வீட்டுக்கு வந்ததும் ஒரு ரிங். அப்புறம்தான் பேசுவாக. இப்ப பேச்சு போச்சு. ரிங் மட்டும் வந்துக்கிட்டேதான் இருக்கு.”

“கம்பெனி என்ன சொல்லுது?”

“கூட்டுல இருக்க சிக்னல் மிஷினு தன்னத்தானே சோதிச்சுப் பாக்குதாம். மிஷினா இருந்தா மணி பெசகாம வரணும்லா? மழைக்காலத்துல எங்க சாமியாரு பூசைய லேட்டாத்தான் தொடங்குவாரு. ரிங்கும் லேட்டாத்தான் வருது. மிஷினுக்கு எங்க பூசை நேரம் தெரியுமா வக்கீலம்மா?”

அதற்கு மேல் எனக்குச் சாட்சியம் தேவைப்படவில்லை.

“மூச்சுக்கும் சாப்பாட்டுக்கும்?”

“காத்தைக் கடல்தண்ணியில இருந்தே எடுத்துக்கிடுமாம். உள்ள ஒரு பாசி வளருது. அதைத் தின்னு எம்புட்டு நாளும் கெடக்கலாம், நாக்குதான் செத்துப்போவும்னு சொல்லிச் சிரிப்பாக.” சொல்லும்போது அவளும் சிரித்தாள். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

ஆட்கொணர்வு மனுப் போட்டோம். ஒருவரை யாராவது பிடித்து வைத்திருந்தால், ஆளைக் கொண்டுவந்து நிறுத்து என்று நீதிமன்றம் சொல்லும். பிடித்து வைத்திருப்பது கடலாக இருந்தால்? அனுப்பியது கம்பெனி, தூக்க மறுப்பதும் கம்பெனி, ஆகவே பிடித்து வைத்திருப்பதும் கம்பெனிதான் என்று வாதாடினேன். நல்ல வாதம், என் வாயாலேயே சொல்லிக்கொள்கிறேன். நீதிபதி ஏற்றுக்கொண்டார். ‘கிளமென்ட் என்பவரை இந்த நீதிமன்றத்தின் முன் கொண்டுவந்து நிறுத்த வேண்டும்’ என்று உத்தரவு. அன்றைக்கு லீமா என் அலுவலகத்தில் எல்லோருக்கும் டீ வாங்கிக் கொடுத்தாள். எதிர்வீட்டு நாய்க்குக்கூட பிஸ்கட் கிடைத்தது.

கெடு முடிவதற்கு முந்தின நாள் கம்பெனி வக்கீல் பராங்குசம் போன் செய்தார். மூத்தவர், மரியாதையாகப் பேசுகிறவர்.

“நாளைக்கு ஆளைக் கொண்டு வர்றோம்மா.”

“கூட்டைத் தூக்கிட்டீங்களா சார்?”

“ஆளைக் கொண்டு வர்றோம்” என்றார் மறுபடி.

எனக்குச் சட்டென்று பொறி தட்டியது. போனை வைத்துவிட்டுத் தலையில் கைவைத்து உட்கார்ந்தேன்.

காலையில் நீதிமன்ற வாசலில் லீமா பச்சைப் பட்டுப்புடவையில் நின்றாள். குழந்தைக்கும் புதுச் சட்டை, நெற்றியோரம் திருஷ்டிப் பொட்டு. அவளை வேப்பமரத்தடிக்கு அழைத்துப்போய் உட்கார வைத்தேன்.

“கீழ போறதுக்கு முன்னால அவரைச் சென்னைக்குக் கூப்பிட்டு ஏதாவது பதிவு எடுத்தாங்களா?”

“ஆமா, ஒரே ஒரு நாளு. பொட்டி மாதிரி ஒண்ணுல படுக்கவச்சு, உடம்பையும் நெனப்பையும் அப்பிடியே எழுதிக்கிட்டாகளாம். இன்சூரன்சுக்குன்னாக.”

“அந்தப் பதிவுல இருந்து ஒரு ஆளை வளர்த்திருக்காங்க லீமா. அவரைத்தான் இன்னைக்குக் கொண்டு வர்றாங்க.”

சட்டப்படி அதற்கு ‘மீளுரு’ என்று பெயர். ஜனங்கள் ஜெராக்ஸ் என்பார்கள். அவளும் கேள்விப்பட்டிருந்தாள். பெரிய பணக்காரர்கள் செத்தால் போடுவார்கள் என்றுதான் கேள்விப்பட்டிருந்தாள்.

“அவுக சாகலையே?”

“செத்துட்டார்னு கம்பெனி சொல்லுது. மேல தூக்குறதைவிட வளர்க்குறது அவங்களுக்குச் சுலபம். இப்ப கேளுங்க. கோர்ட்ல நீங்க ‘இவர்தான்’னு சொல்லிட்டா, சட்டத்துக்கு இவர்தான் அவர். பேரு, கார்டு, புருஷன்ங்கிற உரிமை எல்லாம் இவருக்கு. கேட்ட ஆள் வந்தாச்சுன்னு மனு முடிஞ்சிடும். கீழ யாரும் தேட வேண்டியதில்ல.”

“இல்லன்னு சொன்னா?”

“மனு உயிரோட இருக்கும். கூட்டைத் தூக்குங்கன்னு நான் கேட்கலாம்.”

“வந்திருக்க ஆளை?”

“குடும்பம் ஏத்துக்கலைன்னா மீளுரு கம்பெனிப் பொருள். திருப்பி எடுத்துட்டுப் போயிடுவாங்க.”

“எடுத்துட்டுப் போயி?”

நான் மனுக்கட்டின் நாடாவை அவிழ்த்துக் கட்டினேன். அவள் என் முகத்தையே பார்த்துவிட்டு, தரையில் கிடந்த வேப்பம்பழம் ஒன்றைக் காலால் தள்ளினாள்.

“இல்லன்னு சொல்லிருதேன் வக்கீலம்மா. எனக்கு அவுகதான் வேணும்.”

அதுதான் சரி என்றேன். இன்றைக்குக் கேட்டாலும் அதைத்தான் சொல்லுவேன். அவள் இடத்தில் நான் நிற்கவில்லை, அவ்வளவுதான்.

கம்பெனி ஆட்கள் இரண்டு பேருக்கு நடுவில் அவர் வந்தார். மடிப்புக் கலையாத வெள்ளைச் சட்டை. தூக்கத்தில் எழுப்பிக் கூட்டிவந்த மாதிரி முகம். அவரைப் பொறுத்தவரை சென்னையில் அந்தப் பெட்டியில் படுத்தது முந்தாநாள். நடுவில் இரண்டு வருடம் போய்விட்டது என்று சொல்லியிருந்தார்கள். சொல்லிக் கேட்பது வேறு. லீமாவைக் கண்டதும் அவர் பார்வை அவள் வயிற்றுக்குத்தான் போனது. அவர் படுக்கப் போனபோது அவள் நிறைமாதத்தை நெருங்கிக்கொண்டிருந்தாள். வயிற்றைப் பார்த்தார், இடுப்பில் இருந்த பிள்ளையைப் பார்த்தார், எதையும் கேட்கத் தெரியாமல் நின்றார். கடைசியில் வாய்க்கு வந்தது இதுதான்.

“ஏட்டி லீமா, குக்கர் ரப்பர் வாங்கல. கடைக்குப் போறதுக்குள்ள படுக்கப் போட்டுட்டானுவ.”

கோர்ட்டில் இரண்டு பேர் சிரித்தார்கள். லீமாவின் நகங்கள் என் கையில் பதிந்தன. எனக்குக் காரணம் தெரியவில்லை, பிற்பாடு சொன்னாள். அவர்கள் ஊரில் கிடைக்காத அளவு என்று சென்னையில் வாங்கி வரச் சொல்லியிருக்கிறாள். கீழே இருப்பவர் அன்று பதிவு முடிந்து எழுந்து, கடை தேடிப் போய், ரப்பர் வாங்கிக்கொண்டு பஸ் ஏறி வீட்டுக்கு வந்தவர். அந்த ரப்பர்தான் இன்றைக்கும் அவள் குக்கரில் இருக்கிறது. எதிரே நிற்பவர் கடைக்குப் போகாதவர். இரண்டு பேருக்கும் வித்தியாசம் அங்கேதான் தொடங்குகிறது.

நான் மிஸ்டு காலைப் பற்றிச் சொன்னேன். பூசை நேரத்தைச் சொன்னேன். கருவியின் தானியங்கி அழைப்பு என்றார் பராங்குசம். நீதிபதி நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். நல்ல மனிதர் அவர். நல்ல மனிதர்கள் சட்டத்தைப் படிக்கும்போது அப்படித்தான் தேய்த்துக்கொள்வார்கள்.

“அம்மா, இந்த மனுவில் நான் கேட்கக்கூடிய கேள்வி ஒன்றே ஒன்றுதான். இவர் உங்கள் கணவரா?”

லீமா எதிரே நின்றவரைப் பார்த்தாள். அவர் அங்கே வாங்கி வரச் சொன்னதை வாங்காமல் வந்த புருஷனாக நின்றார். வழக்கமான திட்டு வரும் என்று காத்திருந்தார். திட்டினால் எல்லாம் பழையபடி ஆகிவிடும் என்று நினைத்தாரோ என்னவோ, லேசாகச் சிரிக்கக்கூடச் செய்தார். பின்னால் கம்பெனி ஆட்கள் இருவரும் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

“இவுக என் வீட்டுக்காரருதான் ஐயா” என்றாள் லீமா.

நான் கண்ணை மூடிக்கொண்டேன்.

“அவுக எங்க?” என்றாள் அடுத்த மூச்சில்.

பேச்சை எழுத்தாக்கும் இயந்திரம் திரையில் சுத்தத் தமிழில் போட்டது: ‘இவர் என் கணவர்தான் ஐயா. அவர் எங்கே?’

பராங்குசம் எழுந்தார். குரலில் கேலி இல்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். “அவர் இங்கேதான் நிற்கிறார், மை லார்ட்.”

நீதிபதி அந்த இரண்டு வரியையும் வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். “சட்டத்தின் கண்ணில் இவரும் அவரும் ஒருவர்தான் அம்மா” என்று மெதுவாகச் சொன்னார். ஆள் முன்னிலைப்படுத்தப்பட்டார், மனுதாரர் அடையாளம் காட்டினார், மனு பயனற்றதாகி முடித்துவைக்கப்படுகிறது. அடுத்த வழக்கைக் கூப்பிட்டார்கள்.

காரில் நான் அழுதபோது பக்கத்தில் உட்கார்ந்து என் கையைத் தடவிக் கொடுத்தவள் அவள்தான்.

“என்னைத் திட்டாதீக வக்கீலம்மா. மொகத்தைப் பார்த்துக்கிட்டு எப்பிடிச் சொல்லுவேன், நீ இல்லன்னு? அவுக மொகம்லா அது.”

அன்றிலிருந்து லீமா வாயில் இரண்டு சொல்லும் இரண்டு ஆளாகிவிட்டன. வீட்டில் இருப்பவர் ‘இவுக’. கீழே இருப்பவர் ‘அவுக’. ஒருநாளும் மாற்றிச் சொன்னதில்லை. ஊரில் சின்னப் பசங்கள் ‘ஜெராக்ஸு, ஜெராக்ஸு’ என்று கத்துவதாகவும், இவுக அதைக் காதில் போட்டுக்கொள்ளாமல் வலை பின்னிக்கொண்டிருப்பதாகவும் போனில் சொன்னாள். நான் சமாதானமாக ஏதோ சொல்லி வைத்தேன்.

அடுத்து வந்த திங்கட்கிழமையே லீமாவும் இவரும் என் முன்னால் வந்து உட்கார்ந்தார்கள். அவர் கண்கள் சிவந்திருந்தன.

“நேத்து பூசை முடிஞ்சு வந்தோம் மேடம். சட்டையைக்கூட மாத்தல. போன் ஒரு ரிங் அடிச்சுக் கட்டாச்சு. எனக்குத் தூக்கிவாரிப் போட்டுச்சு.”

“லீமா உங்ககிட்ட முன்னாலயே சொல்லலையா?”

“சொன்னா. மிஷினா இருக்கும்னுதான் நானும் நெனச்சேன். ஆனா முக்கால் ரிங்குல எவன் மேடம் கட் பண்ணுவான்? முழு ரிங் போனா எதிராளி எடுத்துருவான், காசு போயிரும்னு எங்கப்பா சொல்லித் தந்தது. அந்தக் கை எனக்குத் தெரியாதா?” அவர் தன் வலதுகைக் கட்டைவிரலைப் பார்த்தார். “அது நான்தான் மேடம்.”

விரலை மடக்கிக்கொண்டு நிமிர்ந்தார்.

“அவனைக் கொண்டு வரணும். நான் மனுப் போடுதேன்.”

“நீங்க போட முடியாது கிளமென்ட். சட்டப்படி நீங்கதான் அவர். கோர்ட்ல நின்னுக்கிட்டு, என்னைக் காணோம்னு சொல்ல முடியுமா?”

“அப்ப நான் நானில்லன்னு எழுதித் தாரேன்.”

“எழுதிக் கொடுத்தா கம்பெனி உங்களைத் திரும்பக் கேக்கும். தெரிஞ்சுதான் பேசுறீங்களா?”

“கேக்கட்டும் மேடம்.” அவர் குரல் இறங்கிவிட்டது. “நான் கொஞ்ச நாளாத்தான் இருக்கேன். அவன் அங்க பாசியத் தின்னுக்கிட்டுக் கெடக்கான். பிள்ளைக்குப் பேரு வச்சதே அவன்தான், போன்லயே, டெல்மான்னு. எனக்கு அந்தப் பேரு இன்னும் வாய்ல சரியா வர மாட்டேங்குது. இது அவன் வீடு மேடம். நான் அவன் தட்டுல தின்னுக்கிட்டு இருக்கேன்.”

நான் லீமாவைப் பார்த்தேன். அவள் புடவைத் தலைப்பை விரலில் சுற்றிச் சுற்றி அவிழ்த்தாள்.

“ரெண்டு பேரும் இருக்கட்டுமே வக்கீலம்மா” என்றாள். “வீடு சின்னதுதான். இருந்துட்டுப் போவட்டும்.”

இதற்குச் சட்டத்தில் இடமில்லை என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. இவர் கம்பெனியிடம் போகாமல், அவரும் மேலே வரும்படி ஒரு மனு எழுதுகிறேன் என்றேன். எழுதினேன். மனுதாரர் கிளமென்ட், கொண்டுவரப்பட வேண்டியவர் கிளமென்ட். பதிவகத்தில் ஒரே பார்வையில் திருப்பிவிட்டார்கள். காணாமற்போனவரே கையெழுத்துப் போட்டிருக்கிறாரே மேடம், எங்களைப் பார்த்தா எப்படித் தெரியுது என்று கேட்டார் அங்கிருந்தவர். மூன்று முறை திருப்பினார்கள். நான்காவது முறை சண்டை போட்டு, அதே நீதிபதி முன் கொண்டுபோனேன்.

அவர் மனுவைப் படித்தார். எழுந்து நின்ற கிளமென்டைப் பார்த்தார். “உங்களுக்கு ஆபத்து என்று தெரிந்துமா கேட்கிறீர்கள்?” என்று கேட்டார். “என்னையத்தானே ஐயா கேக்கேன்” என்றார் இவர். கம்பெனி கலம் ஒன்றை இறக்கிக் கூட்டைத் தூக்கிப் பார்க்க வேண்டும், இவரைத் தொடவும் கூடாது என்று உத்தரவு வந்தது. பராங்குசம் எழுந்து வாய்தா கேட்டார். கடல் சரியில்லை. பிறகு கலம் பழுது. பிறகு மறுபடி கடல் சரியில்லை. கடல் சரியில்லை என்றால் நீதிபதி என்ன செய்வார், கடலுக்கு நோட்டீஸ் அனுப்புவாரா?

அந்த ஞாயிற்றுக்கிழமைகளைப் பற்றி லீமா பிறகு சொல்லியிருக்கிறாள். பூசை முடிந்ததும் இவுக ஓட்டமும் நடையுமாக வீட்டுக்கு வந்து போனுக்கு எதிரே சம்மணம் போட்டு உட்காருவாராம். ஒரு ரிங். எடுக்க மாட்டார்கள். எடுத்தாலும் பேச்சு வராது. உடனே இவுக எழுந்துபோய்த் தன் கையால் அரிசி களைந்து குக்கரை வைப்பாராம். “அவன் வைக்கச் சொல்லிட்டான்லா” என்பாராம். சோறு வெந்ததும் ஒரு பிடி எடுத்துக்கொண்டு கடற்கரைக்குப் போய்த் தண்ணீரில் போட்டுவிட்டு வருவார். காக்கா தின்னும், போகட்டும் என்று லீமா ஒன்றும் சொல்வதில்லை.

அப்புறம் ஒரு ஞாயிறு ரிங் வரவில்லை.

மழை, சாமியார் பூசையை லேட்டாகத் தொடங்கினார், அதுதான் கணக்குத் தப்பிவிட்டது என்று இருவரும் ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டார்கள். அடுத்த ஞாயிறு வெயில் நன்றாக அடித்தது. லீமா என்னைக் கூப்பிட்டாள்.

“வக்கீலம்மா, இன்னைக்கும் வரல” என்றாள். அந்தப் பக்கம் குக்கர் விசில் அடித்தது. ரிங் வராமலே அவர் குக்கரை வைத்துவிட்டார் போலிருக்கிறது.

அந்த வாரத்தில் கடல் சரியாகிவிட்டது. கம்பெனிக் கலம் இறங்கியது. கூட்டைத் தூக்கினார்கள். நன்றாகத்தான் தூக்கினார்கள், ஒரு கீறல் இல்லாமல். உள்ளே கிளமென்ட் இருந்தார்.

இறந்து எவ்வளவு காலம் என்று, கடலடிக் குளிரில் கிடந்த உடம்பை வைத்துச் சொல்ல முடியாது என்றார் கம்பெனி டாக்டர். எங்களிடம் இருந்த கணக்கு ஞாயிற்றுக்கிழமைக் கணக்கு. அதைச் சாட்சியமாக யார் எடுத்துக்கொள்வார்கள்? பராங்குசம் என் முகத்தைப் பார்க்காமல் எழுந்து, “உத்தரவு நிறைவேற்றப்பட்டது, மை லார்ட்” என்றார். மனுதாரர் தரப்பில் வேறு ஏதாவது உண்டா என்று நீதிபதி என்னைக் கேட்டார். ஒரு வக்கீலுக்கு எப்போதும் வேறு ஏதாவது இருக்கும். எனக்கு அன்று இல்லை. மனு பயனற்றதாகி முடித்துவைக்கப்பட்டது. ஒரே ஆளுக்காக இரண்டு மனு. இரண்டு தடவையும் உத்தரவுக்குக் கீழ்ப்படிந்தார்கள், இரண்டு தடவையும் ஆளைக் கொண்டுவந்தார்கள். ஒரு தடவைகூட நாங்கள் கேட்டவர் வரவில்லை.

அடக்கத்துக்குப் போயிருந்தேன். இறப்புச் சான்றிதழ் கிடைக்கவில்லை. உயிரோடு இருக்கிறவருக்கு எப்படித் தருவார்கள்? சாமியாருக்கும் சங்கடம். யார் பேரைச் சொல்லிப் பூசை வைப்பது? கிளமென்டின் ஆத்துமா என்று சொன்னால் கிளமென்ட் முன் பெஞ்சில் பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். கடைசியில், கடலில் மரித்த எல்லா ஆத்துமாக்களுக்காகவும் என்று வைத்தார். பெட்டியின் தலைமாட்டை இவர்தான் தூக்கினார். ஜெராக்ஸ் என்று கத்திய பசங்கள் சுவரோரம் சத்தமில்லாமல் நின்றார்கள். குழிக்கு மேல் நட்ட சிலுவையில் பேர் இல்லை.

பெட்டியை மூடுமுன் இவர் உள்ளே பார்க்கவில்லை. லீமா பார்த்தாள்.

“தாடி வளர்ந்திருந்துச்சு வக்கீலம்மா” என்றாள் என்னிடம். “மெலிஞ்சுபோயிட்டாக.”

பிறகு கொஞ்ச காலம் நான் அவளைக் கூப்பிடவில்லை. என்ன பேசுவது? ஆடி போய் ஆவணி வந்ததும், உத்தரவின் நகல் வந்து கிடக்கிறதே என்ற சாக்கில் ஒருநாள் கூப்பிட்டேன். பின்னால் டெல்மா எதையோ தட்டித் தட்டிப் பாடிக்கொண்டிருந்தாள். வீடு வீடாக இருப்பது காதில் கேட்டது. எனக்குக் கொஞ்சம் மனசு ஆறியது. நகல் வேண்டாம் வக்கீலம்மா, அதை வச்சு என்ன செய்ய என்றாள் லீமா.

“வீட்டுல எல்லாரும் நல்லா இருக்கீங்களா? இவர் எங்க, கடலுக்கா?” என்று கேட்டேன். அவளோடு பேசிப் பேசி எனக்கும் அந்த ‘இவர்’ பழகியிருந்தது.

“இல்ல வக்கீலம்மா. அவுக டவுனுக்குப் போயிருக்காக” என்றாள் லீமா. “குக்கர் ரப்பர் தேஞ்சுபோச்சு, விசிலே வர மாட்டேங்குது. வாங்கிட்டு வரச் சொன்னேன்.”

‘அவுக’ என்றிருந்தாள். அவள் தான் சொன்னதைக் கவனித்தாளா என்று தெரியவில்லை.

“வச்சிரட்டா வக்கீலம்மா?” என்றாள். “பஸ் ஏறுனதும் ஒரு ரிங் விடுவாக. லைன் கெடைக்கலன்னா வெசனப்படுவாக.”

நான் சட்டென்று போனை வைத்துவிட்டேன்.